ரெண்டு காப்பி

கண்ணாடிக் கடையின் பின்னறையில் லென்ஸ் தேய்க்கும் மனிதருக்கு ‘ரெண்டு காப்பி’ என்று பெயர் வைத்தவர் எதிர்க்கடை டீக்காரர். பேரைக் கேட்டுவிட்டு, ஆள் ஒரே மூச்சில் இரண்டு டம்ளர் இழுப்பவர் என்று நினைத்துவிடாதீர்கள். அவர் காப்பியே குடிப்பதில்லை. குடித்தால் நெஞ்சு படபடக்கும் என்று பயம். வீட்டுச் சாவிக்கு ரெண்டு காப்பி, அடையாள அட்டைக்கு ரெண்டு காப்பி, மருந்துச் சீட்டுக்கு ரெண்டு காப்பி. அந்தக் காப்பிகளை எங்கே வைத்திருக்கிறோம் என்று எழுதிய தாளுக்கும் ரெண்டு காப்பி. அதனால் வந்த பெயர் அது.

பயம் அவருக்குக் கூடப்பிறந்தது. லிஃப்டில் ஏறமாட்டார், நான்கு மாடியும் படிதான். ஏறி வந்தபின் பால்கனிப் பக்கம் தலைவைத்துப் படுக்கமாட்டார். கீழே பார்த்தால் தலை சுற்றுமாம். அடுப்பை அணைத்துவிட்டு மூன்று தடவை போய்ப் பார்ப்பார். நாய் குரைத்தால் தெருவையே மாற்றிவிடுவார். கடை முதலாளி பின்னால் வந்து தும்மினால்கூடக் கையிலிருக்கும் லென்ஸ் கீழே விழும். ஆனால் அந்தக் கையைப் போல லென்ஸ் தேய்க்க அந்த வட்டாரத்தில் இன்னொரு கை இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஒரு கீறல் இருந்தால் விரல் நுனியாலேயே கண்டுபிடிப்பார்.

அவருடைய பொழுதுபோக்கும் இந்தப் பயத்தில் பிறந்ததுதான். டிவியோடு இணைத்து விளையாடும் பழைய பெட்டிகள் இருந்தன அல்லவா, டிஸ்க் போட்டால் ஓடுமே, அந்த விளையாட்டுகளைச் சேர்த்துவைப்பது. டிஸ்க் கீறிப்போகும், கம்பெனி மூடிப்போகும், அப்புறம் அந்த விளையாட்டு உலகத்திலேயே இல்லாமல் போய்விடும் என்று அவருக்குக் கிலி. டிஸ்க்கில் உள்ளதை உள்ளபடி உரித்தெடுத்துக் கம்ப்யூட்டரில் ஃபைலாக வைத்துக்கொள்வதற்கு இமேஜ் எடுப்பது என்று பேர். பழைய பெட்டியைப் போலவே நடிக்கும் ஒரு புரோகிராம் உண்டு. அது அந்த ஃபைலை நிஜ டிஸ்க் என்று நம்பி விளையாட்டை ஓட்டும். இப்படி நானூறுக்கு மேல் எடுத்து வைத்திருந்தார். பேய் வரும் விளையாட்டுகளையும் பத்திரமாகத்தான் எடுத்தார். திறந்து மட்டும் பார்க்கவில்லை.

இந்த நானூறில் ஒன்றுதான் கதை.

அவர் மனைவி கல்யாணமான புதிதில் ஒரு சின்ன கேம் கம்பெனியில் வரவேற்பாளராக இருந்தாள். அச்சகத்துக்கு மேல்மாடி, மொத்தம் ஏழு பேர். அவர்கள் உருப்படியாகச் செய்து முடித்தது ஒரே ஒரு விளையாட்டு. மூடுபனியில் ஒரு கப்பலை ஓட்டிக்கொண்டு கரை சேரவேண்டும். கலங்கரை விளக்கத்திலிருந்து ஒரு பெண் வயர்லெஸ்ஸில் வழி சொல்வாள். பேச வருவதாகச் சொன்ன நடிகை வரவில்லை. “நீங்களே பேசிடுங்களேன், உங்களுக்குத்தான் வாய் ஓயாதே” என்று முதலாளி இவளைப் பிடித்து உள்ளே தள்ளினார். சாமான் அறைச் சுவரெல்லாம் போர்வை தொங்கவிட்டு, வியர்க்க வியர்க்க ஒரே நாளில் பேசி முடித்தாள். முந்நூறு டிஸ்க் அச்சடித்தார்கள். அடுத்த வருஷம் கம்பெனி இல்லை.

நம்மாளுக்கு அந்த விளையாட்டில் முதல் பாறையைத் தாண்டவே வராது. “இடது பக்கம் பாறை” என்று அவள் குரல் சொன்னதும் பதறிப்போய் இடது பக்கமே திருப்புவார். பக்கத்தில் உட்கார்ந்து நிஜக்காரி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பாள்.

மகளுக்கு ஒரு வயது ஆனபோது மனைவிக்குத் தொண்டையில் புற்றுநோய் என்றார்கள். குரல்பெட்டியையே எடுத்துவிட வேண்டும், வேறு வழியில்லை என்றார் டாக்டர். இந்தக் காலம் மாதிரி ஆளுக்கொரு செல்போனில் பதிந்துவைக்கும் வசதி அப்போது கிடையாது. கல்யாண வீடியோவிலும் பேச்சையெல்லாம் அழித்துவிட்டுப் பாட்டைப் போட்டுத் தொலைத்திருந்தான் அந்த வீடியோக்காரன். ஆபரேஷன் அன்று காலை, தள்ளுகட்டிலில் படுத்தபடி அவள் கேட்டாள்:

“குரல் போனா போகட்டும். அந்த டிஸ்க்ல இருக்குல்ல?”

“இருக்கும்மா. இமேஜ் எடுத்து ரெண்டு காப்பி வச்சிருக்கேன்.”

“அப்போ பயமில்ல” என்றாள்.

அவள் வாயால் பேசிய கடைசிப் பேச்சு அது. கதவு மூடிக்கொண்டது.

அதற்குப்பிறகு இருபது வருஷம் பலகைதான். எழுதி எழுதி அழிக்கிற வெள்ளைப் பலகை ஒன்று எப்போதும் கையிலிருக்கும். கழுத்தில் வைத்துப் பேசும் கருவி ஒன்றும் வாங்கினார்கள். ஒரு வாரம் வைத்துப் பார்த்துவிட்டு, ‘மிக்ஸி பேசுற மாதிரி இருக்கு’ என்று எழுதிக் காட்டிப் பெட்டியில் போட்டுவிட்டாள். கோபம் வந்தால் கரண்டியால் மேஜையில் தட்டுவாள். இரண்டு தட்டு என்றால் எச்சரிக்கை, மூன்று என்றால் சோறு கிடையாது. மகள் பலகையைப் படித்துத்தான் எழுத்துக் கற்றாள்.

அவர் அந்த விளையாட்டையும் இருபது வருஷமாகத் திறக்கவேயில்லை. துக்கத்துக்குப் பயம். மூன்று வருஷத்துக்கு ஒருமுறை பழைய ஹார்ட் டிஸ்க்கிலிருந்து புதியதற்கு மாற்றும்போது, இரண்டு காப்பியும் எழுத்துப் பிசகாமல் ஒன்றாக இருக்கின்றனவா என்று மட்டும் புரோகிராமை விட்டுச் சரிபார்ப்பார். ஒவ்வொரு முறையும் ஒத்துப்போகும். நிம்மதியாகத் தூங்கப் போவார்.

இப்படி இருக்கையில்தான் ஒரு திங்கட்கிழமை, சாப்பிட்டுக் கை கழுவி வந்தவர் முன்னால் அவள் பலகையை நீட்டினாள்.

‘வர்ற ஞாயித்துக்கிழமை எனக்கு அம்பது. அந்த கப்பல் கேம் போடுங்க. இவ என் குரல கேட்டதே இல்ல.’

பஸ் டிக்கெட் கவுன்ட்டரில் வேலை பார்க்கும் மகள் எட்டிப் படித்துவிட்டுக் குதித்தாள். “ஆமாம்ப்பா! ரெண்டு காப்பி இருக்குன்னு பெருமையா சொல்லுவீங்களே, ஒரு தடவையாவது போட்டிருக்கீங்களா?”

“போட்டுட்டா போச்சு” என்று சொல்லிவிட்டார். மனைவி அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஏன் அப்படிப் பார்க்கிறாள் என்று அவருக்குப் புரியவில்லை.

செவ்வாய் மாலை, தாயும் மகளும் கடைக்குப் போன நேரத்தில் ஒத்திகை பார்க்க உட்கார்ந்தார். ஃபைலைக் கொடுத்தார். மூடுபனி வந்தது. கலங்கரை விளக்கம் வந்தது. மூலையில் சின்னக் கட்டத்தில் வயர்லெஸ் பெண்ணின் முகம் வந்து வாயைத் திறந்து திறந்து மூடியது.

சத்தமில்லை.

ஸ்பீக்கரைத் திருகினார், ஒயரைப் பிடுங்கிச் சொருகினார், வேறு விளையாட்டைப் போட்டுப் பார்த்தார். அதில் காது கிழிந்தது. மறுபடி கப்பலைப் போட்டார். இரண்டாவது காப்பியையும் போட்டார். வாய் மட்டும் அசைந்தது. ஃபைல் பெயரின் கடைசி எழுத்துகளைப் பார்த்தார்: ஐஎஸ்ஓ. விரலை வைத்து ஒவ்வொரு எழுத்தாக மறுபடி படித்தார்.

விஷயம் இதுதான். அந்தக் காலத்து டிஸ்க் பலவற்றில் முதல் தடத்தில் விளையாட்டு இருக்கும். பாட்டும் பேச்சும் அடுத்தடுத்த தடங்களில், பாட்டு சிடி போலவே தனியாக இருக்கும். ஐஎஸ்ஓ என்கிற வகையில் எடுத்தால் முதல் தடம் மட்டும்தான் வரும். மற்ற தடங்களைத் திரும்பிக்கூடப் பார்க்காது. இதைக் கற்றுக்கொண்டபின் மற்ற டிஸ்க்குகளை எல்லாம் முழுசாகத் திரும்ப எடுத்தார்தான். ஆனால் இது அவர் கற்றுக்குட்டியாக இருந்தபோது எடுத்தது; திறக்கப் பயந்து பயந்து, இதை எப்படி எடுத்தோம் என்பதே மறந்துபோயிருந்தது. ஃபைல் எவ்வளவு சின்னதாக வந்திருக்கிறது என்று அன்றைக்குச் சந்தோஷம் வேறு பட்டிருந்தார், மகானுபாவர்! இருபது வருஷமாக அவர் சரிபார்த்ததெல்லாம் ஒரு ஊமையோடு இன்னொரு ஊமை ஒத்துப்போகிறதா என்பதைத்தான்.

டிஸ்க் கிடைத்தால் தப்பிக்கலாம். புதன்கிழமை பரணைக் குடைந்தார். டிஸ்க்கின் பிளாஸ்டிக் உறை கிடைத்தது, உள்ளே காலி. வியாழக்கிழமை அலமாரிக்குப் பின்னால் டார்ச் அடித்துப் பார்த்தார். என்ன தேடுகிறீர்கள் என்று மகள் கேட்டதற்கு “கரப்பான்பூச்சி” என்றார். கரப்பானைக் கண்டால் நாற்காலிமேல் ஏறுகிற மனிதர் அதைத் தேடிப் போகிறாராம்! அவள் ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டுப் போனாள். இணையத்தில் தன்னைப் போலச் சேர்ப்பவர்களிடம் விசாரித்தார். அப்படி ஒரு விளையாட்டு வந்ததாகவே தெரியவில்லையே என்று பதில் வந்தது. முந்நூறு டிஸ்க்கும் குப்பைக்குப் போயிருந்தால் அவள் குரல் இந்த உலகத்தில் எங்கேயும் இல்லை. அதைத் தொலைத்தவர் அவர்.

வெள்ளிக்கிழமை கடையில் ஒரு அம்மாளின் இடது கண்ணாடியை வலது அளவுக்குத் தேய்த்துவைத்தார். முப்பது வருஷத்தில் அதுதான் முதல் தப்பு. “என்னய்யா, பேயறைஞ்ச மாதிரி இருக்கே?” என்றார் முதலாளி. பேயாக இருந்தால்கூடப் பரவாயில்லை என்று இவருக்குத் தோன்றியது. மனைவியைப் போல யார் குரலையாவது பதிந்து போட்டுவிடலாமா என்றுகூட ஒரு நிமிஷம் யோசித்தார். அந்த யோசனைக்கே பயந்து, தண்ணீர் குடித்தார்.

சனிக்கிழமை மாலை அவள் மேஜையில் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாள். மகள் பக்கத்தில் நகத்துக்குச் சாயம் பூசிக்கொண்டிருந்தாள். அவர் எதிரில் போய் நின்றார்.

“அந்த ஃபைல்ல… உன் குரல் இல்லம்மா.”

கத்தி நின்றது.

“நான் தப்பா எடுத்துட்டேன். வாய் அசையுது, சத்தம் வரல. செவ்வாக்கெழமதான் பாத்தேன். சத்தியமா அதுக்கு முன்னாடி தெரியாது. ஆஸ்பத்திரில உன்கிட்ட சொன்னது… பொய்யாப் போச்சு.” சொல்லி முடிப்பதற்குள் அழுதுவிட்டார்.

அவள் கையைத் துடைத்துக்கொண்டு பலகையை எடுத்தாள். ஒரே வார்த்தை.

‘தெரியும்.’

மகள் நகத்தை விட்டுவிட்டு நிமிர்ந்தாள். “என்னம்மா சொல்ற?”

அவள் அழித்துவிட்டு எழுதினாள். ‘ஆபரேஷன் முடிஞ்சு மூணாம் மாசம் நானே கம்ப்யூட்டர்ல போட்டுப் பாத்தேன். ஊமை.’ அழித்தாள். ‘உங்களுக்கு அப்பவே தெரியும், என்னைத் தேத்த பொய் சொன்னீங்கன்னு நெனச்சேன்.’ அழித்தாள். ‘எப்ப வாயத் தொறப்பீங்கன்னு இருபது வருஷமா பாக்கறேன். இந்த ஞாயிறு சாக்கு வச்சாவது சொல்லட்டும்னுதான் கேட்டேன்.’

அவருக்கு உட்காரவேண்டும் போலிருந்தது. உட்கார்ந்தார். இருபது வருஷம் இந்த மனுஷி தன்னைப் பொய்யன் என்று நினைத்துக்கொண்டே சோறு போட்டிருக்கிறாள். அது ஒரு பக்கம் நெஞ்சை அறுக்க, இன்னொரு பக்கம் மண்டைக்குள் வேறொன்று மணியடித்தது.

“ஃபைலைத்தானே பாத்த? டிஸ்க்கைப் போட்டுப் பாக்கலியே?”

‘கேம் பெட்டிதான் யாருக்கோ குடுத்தாச்சே. ரெண்டும் ஒண்ணுதானே?’

“ரெண்டும் ஒண்ணு இல்லம்மா! ஃபைல்தான் ஊமை. டிஸ்க்ல நீ இருக்க! டிஸ்க் எங்க?”

அவள் பலகையைக் கீழே வைத்தாள். முகம் வெளுத்துப்போய், கையை நீட்டிக் காட்டினாள்.

பால்கனியில் புறா வராமலிருக்க நூலில் கட்டித் தொங்கவிட்ட டிஸ்க்குகள் எட்டு, காற்றில் சுற்றிக்கொண்டிருந்தன. அதில் ஒன்று, ஃபைல் ஊமை என்று கண்ட கோபத்தில் அவள் அன்றைக்கே கட்டியது. நம்மாள் பால்கனிக்குப் போகிறவராக இருந்திருந்தால் என்றைக்கோ பார்த்திருப்பார்.

அன்று போனார். நாலாவது மாடியின் கம்பிக்கு வெளியே கையை நீட்டி, நூலை அவரே அறுத்தார். டிஸ்க்கோடு அவரும் விழுந்துவிடக்கூடாதே என்று மகள் அவர் சட்டையையும் மனைவி மகளின் இடுப்பையும் பிடித்துக்கொண்டார்கள். படம் வெளுத்துப்போயிருந்தது. ஃபாக்டரியில் அச்சடித்த டிஸ்க் என்பதால் பிழைத்தது. வீட்டில் பதிந்ததாக இருந்தால் வெயில் என்றோ தின்றிருக்கும். அடிப்பக்கம் கீறல் மயம், பழைய மூக்குக்கண்ணாடி போல லேசான மஞ்சள். அவருக்கு அது பெரிதில்லை. அவர் பயந்தது மேல்பக்கத்தைத் திருப்பிப் பார்க்கத்தான். விஷயமெல்லாம் மேல்பக்கப் பூச்சுக்கு ஒட்டினாற்போல இருக்கிறது. அது உரிந்தால் உரிந்ததுதான், எந்தக் கொம்பனாலும் மீட்க முடியாது. திருப்பினார். வெளிவிளிம்பில் நகத்தளவு உரிந்திருந்தது. யாரை விரட்டக் கட்டினார்களோ அந்தப் புறாதான் கொத்தியிருக்க வேண்டும்.

டிஸ்க்கில் பதிவு உள்ளிருந்து வெளியே போகும். விளையாட்டு உள்வட்டத்தில், குரல் வெளிவட்டத்தில். அதாவது எது வேண்டுமோ அதன் பக்கத்தில்தான் காயம். இல்லாத குரலுக்கு அழுதுவிட்டு ஓய்ந்திருக்கலாம். இப்போது இருந்தாலும் இருக்கும் என்றானதும் அவருடைய பயம் இரட்டிப்பானது.

ஞாயிறு காலை கடைக்குப் போனார். விடுமுறைதான், ஆனால் கடைச் சாவிக்கும் ரெண்டாவது காப்பி அவரிடம் உண்டு. முதலாளியிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொண்டுதான் திறந்தார். லென்ஸ் செய்கிற அதே பிளாஸ்டிக்தான் டிஸ்க்கும். பாலிஷ் பசையை மென்துணியில் தடவினார். லென்ஸை வட்டமாகத் தேய்ப்பது முப்பது வருஷப் பழக்கம். டிஸ்க்கை அப்படித் தேய்த்தால் ஒழிந்தது. நடுவிலிருந்து விளிம்புக்கு நேர்கோடாகத்தான் இழுக்க வேண்டும். கை தன்பாட்டில் வட்டம் போடப் போகும்; பிடித்து நிறுத்துவார். எந்திரத்தில் கொடுத்தால் சூட்டில் புகைபடிந்து போகும். ஆகையால் கையாலேயே, மூன்று மணி நேரம். நெற்றி வியர்வை டிஸ்க்கில் விழாமலிருக்கத் தலையில் துண்டைக் கட்டிக்கொண்டார். தேய்த்து முடித்து விரல் நுனியால் தடவினார். ஒரு கீறல் தட்டவில்லை.

வீட்டில் மூன்று பேரும் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தார்கள். இந்த முறை எல்லாத் தடங்களையும் எடுக்கும்படி சொல்லி, இருப்பதிலேயே மெதுவான வேகத்தை வைத்தார். முதல் தடம் வந்தது. இரண்டாவது வந்தது. மூன்றாவது. ஐந்தாவதில் டிரைவ் நின்று நின்று முனகியது. அவர் கண்ணை மூடிக்கொண்டார்.

“அப்பா, நகருது” என்றாள் மகள்.

ஆறாவது வந்தது. ஏழாவதில் திரை முழுக்கச் சிவப்பு வரி. திரும்பத் திரும்ப முயன்றது. எட்டும் ஒன்பதும் வரவேயில்லை. கரைசேர்ந்ததும் கேட்கிற பாட்டும் வாழ்த்தும் அவற்றில் இருந்தன. போனது போனதுதான்.

“மிச்சத்துல என்னதான் இருக்கு? போடுங்கப்பா.”

“கரகரன்னு மட்டும் வந்தா?”

மனைவி கரண்டியால் மேஜையில் இரண்டு தட்டு தட்டினாள். போட்டார்.

மூடுபனி. கலங்கரை விளக்கம். மூலைக் கட்டத்தில் பெண் முகம். ஒரு கரகரப்பு, வயர்லெஸ்ஸுக்காக வேண்டுமென்றே சேர்த்த கரகரப்பு அது. பிறகு:

“கேப்டன், கேக்குதா? நான் விளக்குலேர்ந்து பேசறேன். கேக்குதான்னு சொல்லுங்க.”

மகள் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். பட்டனை அழுத்திப் பதில் சொல்லும்வரை விளையாட்டு காத்திருக்கும். கொஞ்சம் பொறுத்துக் குரல் மறுபடி வந்தது.

“கேப்டன், கேக்குதா?”

அவர் பட்டன்மேல் கட்டைவிரலை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அழுத்தினால் அடுத்த தடத்துக்குப் போகும். அடுத்தது எப்படி இருக்குமோ! இது நன்றாக இருக்கிறது, இதுவே போதும் என்றிருந்தது. கண்ணீர் அதுபாட்டுக்குக் கன்னத்தில் வழிந்தது. ஐந்தாவது தடவையும் கேட்டது, ஆறாவது தடவையும் கேட்டது. மனைவி பலகையில் கிறுக்கி அவர் மூக்குக்கு நேரே நீட்டினாள்.

‘எவ்வளவு நேரமா கேக்கறா. பதில் சொல்லுங்களேன்.’

“கேக்குதும்மா” என்றார் வாய்விட்டு.

அவள் தன் கட்டைவிரலை அவர் கட்டைவிரல்மேல் வைத்து அழுத்தினாள். கப்பல் நகர்ந்தது.

“இடது பக்கம் பாறை!” என்றது குரல்.

இருபது வருஷம் ஆகியும் ஆள் மாறவில்லை. பதறிப்போய் இடது பக்கமே திருப்பினார். கப்பல் நேராகப் போய் முட்டியது. மகள் வீல் என்று கத்தினாள். மனைவி வயிற்றைப் பிடித்துக்கொண்டாள், தோள் குலுங்கியது, கழுத்தில் மூச்சுவிடும் ஓட்டையை மூடிய துணி மூச்சுக்காற்றில் படபடத்தது, சத்தம்தான் இல்லை. ஸ்பீக்கர் மட்டும் பேசியது. அதற்குத் தக்கபடி, ஒரு எழுத்துத் தப்பாமல், அவள் உதடுகளும் அசைந்தன:

“போச்சு போங்க! பயந்தா இப்படித்தான். மறுபடி மொதல்லேர்ந்து வாங்க, நான் இங்கதான் இருக்கேன்.”